தவறணையும் தோட்டமும்: மலையகத்து மதுவின் வரலாறு

தோட்டத்துப் பிள்ளைகள் அதிகமாகப் படிக்கும் பாடசாலையொன்றில் நீண்ட காலமாகக் கற்பித்து வருகின்றேன். வரவு இடாப்பை எவ்வாறு எழுத வேண்டுமென ஆசிரியர் கலாசாலையில் எமக்குக் கற்பித்தார்கள். அதை எவ்வாறு வாசிக்க வேண்டுமென்பதைப் பிள்ளைகளிடமிருந்தே கற்றுக்கொண்டேன்.

மாதத்தின் பத்தாந் திகதியை ஒட்டித் தோட்டத்தில் சம்பளம் போடுவார்கள். அதற்கு மறுநாள் இடாப்பில் வராதவர்களின் தொகை கூடும். தீபாவளி முற்பணம் கொடுத்த மறுநாள் இன்னும் கூடும். ஒன்பதாம் ஆண்டில் படித்த ஒரு பையன் இரண்டு நாள் கழித்து வந்தபோது காரணம் கேட்டேன்.

"அப்பாவத் தேடிப் போனோம் சேர். பஜாருக்குக் கீழ கெடந்தாரு. நானும் அம்மாவும் தூக்கிட்டு வந்து சேர்றதுக்கு விடிஞ்சிருச்சி" என்றான். அவன் முகத்தில் வெட்கமோ கோபமோ இல்லை. மழை பெய்தது என்று சொல்வது போலச் சொன்னான்.

இதை ஆசிரியர் அறையில் சொன்னபோது நண்பரொருவர், "தோட்டத்துச் சனம் என்றாலே இப்படித்தானே" என்றார். நானும் தலையாட்டிவிட்டு வகுப்புக்குப் போனேன். அந்தத் தலையாட்டல் பல நாள்கள் என்னை உறுத்தியது. ஒரு சனம் பிறவியிலேயே 'இப்படித்தான்' இருக்க முடியுமா? அல்லது யாரேனும் அவர்களை இப்படி ஆக்கினார்களா? இக்கேள்விக்கு விடை தேடி வாசித்தவற்றையும் கண்டவற்றையும் வாசகர்களோடு பகிர்ந்துகொள்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தென்னை இல்லாத மலைக்குச் சாராயம் வந்த கதை

இலங்கைச் சாராயம் தென்னங்கள்ளிலிருந்து வடிக்கப்படுவது. களுத்துறை, பாணந்துறை, மொரட்டுவை போன்ற கரையோரப் பகுதிகளே அதன் தாயகம். நுவரெலியாவிலும் ஹட்டனிலும் தென்னை காய்க்காது. கண்டி இராச்சியத்துக் கிராமங்களில் கித்துள் மரத்திலிருந்து கள் இறக்கினார்கள் என்பது உண்மையே. ஆயினும் அது வீட்டுத் தேவைக்கும் அயலவர்க்குமான கள்ளாகவே பெரிதும் இருந்தது. பீப்பாயில் வந்து, அளந்து, காசுக்கு விற்கப்பட்ட சாராயம் மலைக்கு வெளியிலிருந்து வந்த பொருளாகும்.

சாராயத்தைச் சில்லறையாக விற்கும் உரிமையை ஏலத்தில் விடும் வழக்கம் ஒல்லாந்தர் ஆண்ட கரையோர மாகாணங்களில் ஏற்கெனவே இருந்தது. ஆங்கிலேயர் அதைத் தொடர்ந்தார்கள். 1815 இல் கண்டி அவர்கள் கைக்கு வந்த பின்னர் மலைநாட்டுக்கும் அது விரிந்தது. இம்முறை இயங்கிய விதத்தை வாசகர் நன்கு விளங்கிக்கொள்ள வேண்டும். ஒரு பிரதேசத்தில் சாராயம் விற்கும் தனியுரிமையை அரசாங்கம் குறித்த காலத்துக்கு ஏலம் விடும். கூடிய தொகை கேட்பவர் குத்தகைக்காரர் ஆவார். அத்தொகையை அவர் அரசாங்கத்துக்குக் கட்டியே தீர வேண்டும். கட்டிய தொகைக்கு மேல் விற்பதெல்லாம் அவருக்கு இலாபம். எனவே தவறணைகள் எங்கே இருந்தால் அதிகம் விற்கும் என்பதே அவரது கவலை. குத்தகைத் தொகை உயர்ந்தால் அரசாங்கத்துக்கும் மகிழ்ச்சி. குடிப்பவர் கூடினால் இருவருக்கும் நன்மை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பல ஆண்டுகளில் இலங்கை அரசாங்க வருமானத்தில் ஏறத்தாழப் பத்திலொரு பங்கும், சில வேளைகளில் அதற்கு மேலும், சாராயத்திலிருந்தே கிடைத்ததென ஆய்வாளர்கள் எடுத்துக்காட்டியுள்ளனர்.

இந்த முறைமை மலையில் வேரூன்றிய காலமும் கோப்பித் தோட்டங்கள் பெருகிய காலமும் ஒன்றேயாகும். 1830 களிலும் 1840 களிலும் காடுகள் வெட்டப்பட்டன. தமிழ்நாட்டின் வறண்ட மாவட்டங்களிலிருந்து ஆயிரக்கணக்கானோர் மன்னார்க் கரையில் இறங்கி மாத்தளை வழியாகக் கால்நடையாக வந்தார்கள். வழியிலே மாண்டவர் பலர். தப்பி வந்து சேர்ந்தவரை வரவேற்றது கங்காணியின் கடன் கணக்கு. கூலி மாதக்கணக்கில் பின்தங்கும். 1865 ஆம் ஆண்டின் 11 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தின்படி ஒப்பந்தத்தை மீறித் தோட்டத்தை விட்டுப் போவது தண்டனைக்குரிய குற்றமாக இருந்தது. ஊர் இல்லை, கோயில் திடல் இல்லை, உறவு இல்லை. பத்தடிக்குப் பன்னிரண்டடி லயக் காம்பராவில் ஒரு குடும்பமோ இரு குடும்பமோ ஒடுங்கிக் கிடந்தன. வேலை முடிந்த ஆண்மகன் காலாற உட்கார்ந்து நாலு பேரோடு பேசுவதற்கு அப்பிரதேசத்தில் ஓர் இடந்தான் இருந்தது. அது தோட்ட எல்லைக்கு வெளியே, பஜாரில் இருந்த தவறணை.

1869 இல் கோப்பியைத் தாக்கிய நோய் சில ஆண்டுகளில் அப்பயிரை அழித்தது. தேயிலை அதன் இடத்தைப் பிடித்தது. புகையிரதம் 1884 இல் ஹட்டனுக்கும் 1885 இல் நானுஓயாவுக்கும் வந்தது. தேயிலைப் பெட்டியை இறக்கிச் சென்ற பாதையே அரிசியையும் சாராயத்தையும் மேலே ஏற்றி வருவதற்கும் வாய்ப்பாயிற்று. துரைமாரின் பானம் வேறு. சாமுவேல் பேக்கர் என்ற ஆங்கிலேயர் பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் நுவரெலியாவின் குளிர்ந்த நீரில் பியர் காய்ச்சிப் பார்த்தார். 1880 களில் அங்கே ஒரு பியர் வடிசாலையே தோன்றியது. பிற்காலத்தில் நாடெங்கும் பெயர் பெற்ற நிறுவனமாக வளர்ந்து 1990 களின் இறுதியில் பியகமவுக்கு இடம் மாறியது அதுவேயாகும். ஒரே மலையில் துரைக்கு ஒரு பானம், தொழிலாளிக்கு ஒரு பானம் என வகுக்கப்பட்டிருந்தது. இருவரில் யார் குடித்தது 'குடி' என்று எழுதப்பட்டது என்பதை நாம் அறிவோம்.

சாராயப் பணமும் கோப்பித் தோட்டமும்

இவ்விடத்தில் ஒரு பெயரைக் குறிப்பிடுவது அவசியமாகும். மொரட்டுவையைச் சேர்ந்த ஜெரோனிஸ் டி சொய்சா (1797–1862) கண்டிப் பகுதியில் வணிகம் செய்து, சாராயக் குத்தகையிலும் ஈடுபட்டுப் பெரும் பொருள் சேர்த்தவர். 1837 இல் ஹங்குரன்கெத்தவிலிருந்த பழைய அரச தோட்டத்தை வாங்கிக் கோப்பி பயிரிட்டார். சுதேசிகளுள் முதன்முதலாகப் பெருந்தோட்டச் சொந்தக்காரரானவர் அவரே என்பர். அவரது மகன் சார்ள்ஸ் ஹென்றி டி சொய்சா நாட்டின் மிகப் பெரிய செல்வந்தராகவும் கொடையாளியாகவும் விளங்கினார். கொழும்பில் 1879 இல் தொடங்கப்பட்ட மகப்பேற்று மருத்துவமனையும் மொரட்டுவைக் கல்லூரிகளும் அவர் கொடையால் எழுந்தவை.

அக்குடும்பத்தை இழித்துரைப்பது எமது நோக்கமன்று. அக்காலத்தில் சுதேசிகளுக்குத் திறந்திருந்த வணிகங்கள் மிகச் சில. அவற்றுள் ஒன்று சாராயக் குத்தகை. குமாரி ஜயவர்தன, மைக்கல் றொபட்ஸ் முதலிய வரலாற்றாசிரியர்கள் இலங்கையின் புதிய முதலாளி வர்க்கம் சாராயத்திலிருந்து எழுந்த விதத்தை விரிவாக ஆராய்ந்துள்ளனர். நாம் கவனிக்க வேண்டியது ஒன்றுதான். சாராயத்தில் கிடைத்த பணம் தோட்டம் வாங்கியது. தோட்டத்தில் கொடுத்த கூலியின் ஒரு பங்கு மீண்டும் தவறணைக்குத் திரும்பியது. தவறணையும் தோட்டமும் ஒரே கையில் சேர்வது நமது வரலாற்றில் ஒரு தடவை மாத்திரம் நிகழ்ந்ததன்று என்பதைப் பின்னர் காண்போம்.

மதுவொழிப்பு இயக்கமும் அதன் எல்லையும்

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்நாட்டில் மதுவொழிப்பு இயக்கம் எழுந்தது. 1904 இல் ஓர் அலை. அடுத்த அலை 1912 இல். அவ்வாண்டின் 8 ஆம் இலக்க மதுவரிக் கட்டளைச் சட்டம் பழைய குத்தகை முறையைச் சீர்திருத்த வந்தது. கள்ளையும் சாராயத்தையும் பிரித்து, கள்ளுக்கெனத் தனித் தவறணைகளைத் திறக்க அது வழிவகுத்தது. ஒரே வேளையில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட கள்ளுத் தவறணைகள் திறக்கப்படவிருந்ததைக் கண்டு மக்கள் கொதித்தெழுந்தார்கள். டி. பி. ஜயதிலக்க, எப். ஆர். சேனாநாயக்க, டி. எஸ். சேனாநாயக்க முதலியோர் முன்னணியில் நின்றனர். சேனாநாயக்க சகோதரர்களின் தந்தை காரீயச் சுரங்கங்களால் செல்வந்தரானவர். சாராயக் குத்தகையிலும் முதலீடு செய்திருந்தவர் என்பது ஈண்டு நினைவுகூரத்தக்கது. வரலாறு இப்படித்தான் வளைந்து வளைந்து செல்கிறது.

1915 ஐ நமது வாசகர் நன்கறிவர். கம்பளைப் பெரஹரா வழக்கின் பின்னணியில் கண்டியிலே தொடங்கிய கலவரம் முஸ்லிம்களின் உயிர்களையும் உடைமைகளையும் சூறையாடியது. ஆங்கில அரசாங்கம் இராணுவச் சட்டத்தைப் பிறப்பித்தது. மதுவொழிப்புத் தலைவர்களைச் சதிகாரர்களெனச் சந்தேகித்துச் சிறையிலிட்டது. கலவரத்தை அவர்கள் திட்டமிட்டதாக நிரூபிக்கப்படவில்லை. எனினும் அவ்வியக்கத்தைச் சூழ்ந்திருந்த எழுத்திலும் பேச்சிலும், குறிப்பாக அநகாரிக தர்மபாலரின் எழுத்திலே, மதுவும் 'அந்நிய' வணிகரும் ஒரே வரிசையில் வைத்துப் பார்க்கப்பட்டதை மறுக்க முடியாது. குடியை எதிர்த்த நல்ல காரியத்தினுள்ளே வேறொரு வெறுப்பும் கலந்திருந்தது.

அவ்வியக்கத்துக்கு இன்னோர் எல்லையும் இருந்தது. அது சிங்களக் கிராமத்தின் இயக்கம். பௌத்த விகாரையும் கிராமத்துச் சங்கமும் அதன் தளங்கள். லயக் காம்பராவுக்குள் அது நுழையவில்லை. தோட்டத் தொழிலாளி அதன் கண்ணில் மீட்கப்பட வேண்டிய சகோதரனாகப் படவில்லை. மதுவொழிப்பு மேடையில் வளர்ந்த டி. எஸ். சேனாநாயக்கவே சுதந்திர இலங்கையின் முதற் பிரதமராக இருந்து, 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டத்தால் அத்தொழிலாளரை நாடற்றவராக்கினார்.

ஆயினும் அக்காலப் போராட்டத்தால் நாடு பெற்ற நன்மையொன்றுண்டு. ஒரு பிரதேசத்துத் தவறணை இருக்க வேண்டுமா, மூடப்பட வேண்டுமா என்பதை அப்பிரதேசத்து மக்களே வாக்களித்துத் தீர்மானிக்கும் முறை அந்தப் பதிற்றாண்டிலும் அடுத்த பதிற்றாண்டிலும் நடைமுறைக்கு வந்தது. யாழ்ப்பாணத்திலும் தெற்கிலும் பல தவறணைகள் இவ்வாறு மூடப்பட்டன. தவறணை வைப்பதற்கு முன்னர் அதன் அருகில் வாழ்பவரைக் கேட்க வேண்டும் என்ற எண்ணம் இந்நாட்டுக்குப் புதியதன்று என்பதற்காகவே இதைக் குறிப்பிடுகின்றேன்.

1927 நவம்பரில் காந்தியடிகள் இலங்கைக்கு வந்தார். மலையகத்துக்கும் வந்து தோட்டத் தொழிலாளரைச் சந்தித்தார். மதுவை விடுங்கள் என்பது அப்பயணத்தில் அவர் திரும்பத் திரும்ப விடுத்த வேண்டுகோள். மக்கள் திரண்டு வந்து கேட்டார்கள். அவர் கப்பலேறினார்; தவறணைகள் இருந்த இடத்தில் இருந்தன. பின்னர் ஹட்டனைத் தளமாகக் கொண்டு கோ. நடேசய்யரும் மீனாட்சியம்மையும் தொழிற்சங்கம் வளர்த்தார்கள். அடுத்தடுத்து வந்த சங்கங்கள் கூலிக்காகவும் குடியுரிமைக்காகவும் வீட்டுக்காகவும் போராடின. அவற்றின் பணி பெரிது. ஆனால் மதுவை அவை பெரும்பாலும் தனிமனித ஒழுக்கப் பிரச்சினையாகவே விட்டுவிட்டன என்பது என் கருத்து. கூட்டிய கூலி எங்கே போகிறது என்ற கேள்வி கூலி கேட்ட அளவுக்கு உரத்துக் கேட்கப்படவில்லை.

ஒரே கையில் கொழுந்தும் சாராயமும்

1972 இலும் 1975 இலும் காணிச் சீர்திருத்தச் சட்டங்களின் மூலம் பெருந்தோட்டங்கள் அரசுடைமையாயின. இடையில் 1974 இல் அரச வடிசாலைக் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டது. இவ்விரு செய்திகளையும் தனித்தனியே பாடநூல்களில் வாசிக்கிறோம். சேர்த்து வாசித்தால் வேறொரு பொருள் தோன்றும். தொழிலாளிக்குச் சம்பளம் கொடுக்கும் எசமானும் அரசு. அவன் சம்பள நாளன்று வாங்கும் போத்தலை வடிப்பதும் அரசு. அப்போத்தலின் மீது வரி எடுப்பதும் அரசு. தோட்டங்களில் பட்டினி தலைவிரித்தாடிய காலம் அது. மாவுக்கும் அரிசிக்கும் தட்டுப்பாடு நிலவியதை இன்று அறுபது வயதைத் தாண்டியவர்கள் கண்ணீரோடு சொல்வார்கள். தவறணை பூட்டிக் கிடந்ததாக யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

1992 இல் இரண்டும் மீண்டும் தனியார் கைக்குப் போயின. தோட்டங்களின் முகாமைத்துவம் 22 பிராந்தியக் கம்பனிகளுக்கு ஒப்படைக்கப்பட்டது. 1989 இல் கம்பனியாக மாற்றப்பட்டிருந்த வடிசாலைக் கூட்டுத்தாபனமும் 1992 இலேயே தனியாருக்கு விற்கப்பட்டது. பின்னர் அவ்வடிசாலையைக் கையிற்கொண்ட வணிகக் குழுமத்தின் கீழேயே பலாங்கொடை, மடுல்சீமை ஆகிய இரு பெருந்தோட்டக் கம்பனிகளும் சேர்ந்தன. இதில் சட்டவிரோதம் எதுவுமில்லை. ஒளிவுமறைவும் இல்லை, ஆண்டறிக்கைகளில் அச்சிடப்பட்ட செய்திதான். ஆயினும் ஹங்குரன்கெத்தவில் 1837 இல் ஆரம்பித்த கதை ஒன்றரை நூற்றாண்டின் பின்னர் வேறு உருவில் திரும்பி வந்ததை வரலாறு கற்பிக்கும் ஆசிரியன் காணாதிருக்க முடியாது.

தோட்டத்துச் சனம் இயல்பிலேயே குடிகாரர் என்போர் இம்மூன்று காலங்களையும் அருகருகே வைத்துப் பார்க்க வேண்டும். குத்தகைக்காரர், அரசு, கம்பனி என ஆட்கள் மாறினார்கள். தொழிலாளியின் கூலி சுற்றிவரும் பாதை மாறவில்லை.

குளிருக்குக் குடிக்கிறார்கள் என்று சிலர் சொல்வர். மலை ஏறி இறங்கும் உடம்பு வலிக்கக் குடிக்கிறார்கள் என்பர் வேறு சிலர். அதே குளிரில், அதே மழையில், படங்கை இடுப்பில் கட்டிக் கூடையை முதுகில் சுமந்து காலை முதல் மாலை வரை கொழுந்து பறிப்பவர்கள் பெண்கள். ஆண்கள் பலர் பகலோடு வேலை முடித்துத் திரும்புகையில் பெண்கள் மாலைக் கொழுந்து நிறுத்துவிட்டே லயத்துக்கு வருகிறார்கள். வந்து அடுப்பையும் மூட்டுகிறார்கள். குளிரும் வலியும் குடியைத் தருமாயின் முதலில் குடிக்க வேண்டியவர்கள் அவர்களே. அவர்களுட் பெரும்பாலோர் குடிப்பதில்லை. ஆகவே காரணத்தைக் குளிரில் தேடுவதில் பயனில்லை.

சட்டம் யாரை நோக்கிப் பேசியது?

பெண்களைப் பற்றிப் பேசும்போது சம்பளத்தின் கதையையும் சொல்ல வேண்டும். தோட்டங்களில் ஒரே நாள் வேலைக்கு ஆணுக்கொரு கூலி, பெண்ணுக்குக் குறைந்த கூலி என்ற வேறுபாடு 1984 ஆம் ஆண்டு வேலைநிறுத்தத்தின் பின்னரே நீங்கியது. கூலி சமமான பின்னரும் மனைவியின் சம்பளத்தைக் கணவன் கைநீட்டி வாங்கும் வழக்கம் பல தோட்டங்களில் நீடித்ததை ஆய்வுகள் பதிவு செய்துள்ளன. அவள் பறித்த கொழுந்தின் கூலி அவள் கைக்கு வருமுன்னரே பஜாருக்குப் போகும் பாதை திறந்திருந்தது.

இனிச் சட்டத்தைப் பாருங்கள். 1979 இல் மதுவரிச் சட்டத்தின் கீழ் வெளியான வர்த்தமானி அறிவித்தல் பெண்களுக்கு மது விற்பதைத் தடைசெய்தது. 2018 ஜனவரியில் அப்போதைய நிதியமைச்சர் மங்கள சமரவீர அத்தடையை நீக்கினார். சில நாள்களுக்குள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன அதைத் திருப்பிப் பெறப் பணித்தார். நாடெங்கும் பெரும் விவாதம் நடந்தது. பெண்ணுக்கு மது வாங்கும் உரிமை உண்டா இல்லையா என்று பத்திரிகைகள் பக்கம் பக்கமாக எழுதின. தன் வீட்டுக்கு அருகே மதுக்கடை திறக்கக் கூடாதென்று சொல்லும் உரிமை அவளுக்கு உண்டா என்று கேட்டவர் மிகச் சிலரே. என் வகுப்புப் பையனின் தாய்க்கு முதலாவது உரிமையால் ஆகப்போவது ஒன்றுமில்லை. இரண்டாவது அவளுக்கு வேண்டியது.

2006 ஆம் ஆண்டின் 27 ஆம் இலக்கச் சட்டம் புகையிலை மற்றும் மதுசாரம் மீதான தேசிய அதிகாரசபையை நிறுவியது. மது விளம்பரங்களைத் தடைசெய்தது. 21 வயதுக்குட்பட்டோருக்கு விற்பதைக் குற்றமாக்கியது. இவை நல்ல ஏற்பாடுகள். போயா தினங்களில் மதுக்கடைகள் மூடப்படுவதும் நல்லதே. ஆனால் போயாவுக்கு முதல்நாள் மாலை பஜாரில் நிற்கும் வரிசையைப் பார்த்தவருக்கு அதன் எல்லையும் தெரியும்.

அரசு பெரிதும் நம்பும் கருவி வரி. வரி கூடினால் விலை கூடும். விலை கூடினால் குடி குறையும் என்பது கணக்கு. உலகெங்கும் ஓரளவு சரியாகக் கண்ட கணக்குத்தான் அது. 2022 பொருளாதார நெருக்கடியின் பின்னர் மதுவரி அடுத்தடுத்து உயர்ந்தது. 2023 ஜனவரியில் மாத்திரம் 20 வீதம். அனுமதி பெற்ற சாராயத்தின் விலை நாட்கூலிக்காரனுக்கு எட்டாததாயிற்று. 2021 இல் 1,000 ரூபாவாகவும் 2024 இல் 1,350 ரூபாவாகவும் நிர்ணயிக்கப்பட்ட நாட்சம்பளத்தை முழுதாகக் கொடுத்தாலும் ஒரு போத்தல் வாங்க முடியாத நிலை. இதனால் சிலர் குறைத்தார்கள். வேறு சிலர் கசிப்புக்கு மாறினார்கள்.

கசிப்புக்கு வேண்டியவை சீனி, ஈஸ்ட், ஒரு பீப்பாய், விறகு, ஆவியைக் குளிரவைக்க ஓடும் நீர். மலையில் ஓடைக்குப் பஞ்சமில்லை. தேயிலை மலைக்கு மேலேயுள்ள காட்டோரத்தில் கோடா ஊறும். பொலிஸாரும் மதுவரி அதிகாரிகளும் வந்து பிடிப்பார்கள். தண்டம் கட்டிவிட்டு மீண்டும் தொடங்குவார்கள். அதில் என்ன கலந்திருக்கிறது என்று குடிப்பவனுக்குத் தெரியாது. எவ்வளவு குடிக்கப்படுகிறது என்று அரசின் புள்ளிவிபரத்துக்கும் தெரியாது. அனுமதி பெற்ற மதுவின் விற்பனை குறைந்தது என்று அறிக்கை வெளியாகும்போது மக்கள் குடியை விட்டார்கள் என்று மகிழ்வதா, கணக்கில் வராத இடத்துக்குப் போனார்கள் என்று அஞ்சுவதா என நாம் நின்று யோசிக்க வேண்டியுள்ளது.

வரியை உயர்த்திய அதே காலத்தில் கடைகளும் பெருகின. 2024 இல் முந்நூற்றுக்கும் மேற்பட்ட புதிய மதுபான அனுமதிப்பத்திரங்கள் வழங்கப்பட்ட விபரம் அவ்வாண்டு டிசம்பரில் பாராளுமன்றத்தில் வெளியிடப்பட்டு, பெரும் சர்ச்சை எழுந்தது. மதுவரித் திணைக்களத்தின் 2024 ஆம் ஆண்டு வருமானம் 200 பில்லியன் ரூபாவைத் தாண்டியது. 1912 ஆம் ஆண்டுச் சட்டமே பல திருத்தங்களுடன் மதுவரியின் அடிப்படையாக இருந்து வருகிறது. அனுமதிப்பத்திரம் யாருக்கு, வரி எவ்வளவு, கடை எத்தனை மணிக்குத் திறப்பது, பாடசாலைக்கும் பள்ளிவாசலுக்கும் கோயிலுக்கும் எவ்வளவு தூரத்தில் என்றெல்லாம் அது விபரமாகப் பேசுகிறது. லயத்துக்கு எவ்வளவு தூரத்தில் என்று அது பேசி நான் கேட்டதில்லை.

பஜாரில் நாம்

இக்கட்டுரையை வாசிக்கும் நமது சகோதரர்கள் சிலர், "நாம் குடிப்பவரல்லர், நமது மார்க்கம் அதை முற்றாக விலக்கியுள்ளது, இது நமக்கு என்ன பிரச்சினை?" என்று கேட்கக்கூடும். அவர்களுக்கு என் வாப்பாவின் கடையைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

கண்டி, கம்பளை, நாவலப்பிட்டி, ஹட்டன், தலவாக்கலை எனத் தேயிலை எங்கே போனதோ அங்கெல்லாம் நம்மவர் கடை வைத்தார்கள். என் வாப்பாவும் ஒரு சிறு பஜாரில் பலசரக்குக் கடை வைத்திருந்தார். தோட்டத்துச் சனத்துக்குக் கடன் கொடுத்துக் கொப்பியில் எழுதுவார். சம்பள நாள் மாலை மலையிலிருந்து இறங்கும் பாதையைப் பார்த்துக்கொண்டு நிற்பார். தவறணை எங்கள் கடைக்கு மேலே, பாதை திரும்பும் இடத்தில் இருந்தது. ஆண்கள் அதைக் கடந்துதான் கடைக்கு வர வேண்டும்.

ஒரு நாள் ஒரு பெண் வந்து கடையோரத்தில் நின்றாள். இடுப்பில் குழந்தை. "மொதலாளி, இந்த மாசம் பாதிதான் தர முடியும். அரிசிய மட்டும் நிப்பாட்டிறாதீங்க" என்றாள். வாப்பா ஒன்றும் சொல்லாமல் அரிசியை நிறுத்துக் கொடுத்தார். அவள் போன பின்னர் கொப்பியைத் திறந்து பழைய பக்கங்களைப் புரட்டினார். "இவட மாப்புள சம்பளத்த மேலேயே முடிச்சிட்டு வாரான். இவ பறிச்ச காசும் அதுக்குள்ளதான்" என்று என்னிடம் சொன்னார். அப்போது எனக்குப் பத்து வயதிருக்கும். எந்த வீட்டுச் சம்பளம் மேலே முடிகிறது, எந்த வீட்டுச் சம்பளம் கீழே வருகிறது என்பதெல்லாம் அந்தக் கொப்பியில் பக்கம் பக்கமாக இருந்தது.

எங்கள் கடையும் அந்தச் சம்பளத்தை எதிர்பார்த்தே நடந்தது என்பதை நான் மறைக்க விரும்பவில்லை. சாராயக் குத்தகைக்காரரும் நாமும் ஒரே கூலியைப் பார்த்துத்தான் பஜாரில் கடை திறந்தோம். நாம் அரிசி விற்றோம். அவர்கள் சாராயம் விற்றார்கள். அது பெரிய வேறுபாடு. ஆனால் தவறணையின் தீமையை நம்மைவிட நன்றாக அறிந்தவர் பஜாரில் வேறு யாருமில்லை. அறிந்தும் நாம் பேசவில்லை. அது 'அவர்களுடைய' பிரச்சினை என்று இருந்துவிட்டோம்.

நாம் இன்று செய்யக்கூடியவை பெரியவையல்ல. முதலாவதாக, தோட்டத்துக்கு அருகே மதுக்கடைக்கு அனுமதி வழங்குமுன்னர் அங்கு வாழும் மக்களை, விசேடமாகப் பெண்களை, வாக்கெடுப்பின் மூலம் கேட்க வேண்டும். நூறு ஆண்டுகளுக்கு முன்னரே இந்நாட்டில் இருந்த முறைதான் அது. நாடற்றவராக இருந்தவரெல்லாம் வாக்காளராகிவிட்ட பின்னர் அதை மீட்டுத் தருவதற்குத் தடையொன்றுமில்லை. இரண்டாவதாக, பெண்ணின் சம்பளம் அவளது பெயரிலுள்ள கணக்குக்கே போக வேண்டும். இடையில் எவர் கையும் நீளக்கூடாது. மூன்றாவதாக, மதுவரியாக மலையிலிருந்து எடுக்கும் பணத்தில் ஒரு சிறு பங்கேனும் மலைக்குத் திரும்ப வேண்டும். வாசிகசாலை, விளையாட்டு மைதானம், குடியிலிருந்து மீள விரும்புவோருக்கான மருத்துவ உதவி ஆகியவை தோட்டத்துக்கு எட்டிய தூரத்தில் இருக்க வேண்டும். வேலை முடிந்த ஆணுக்கு உட்காரத் தவறணையைத் தவிர வேறோர் இடம் வேண்டாமா?

நான்காவது ஒன்றும் உண்டு. அது ஆசிரியர்களாகிய எமக்குரியது. 'தோட்டத்துச் சனம் இப்படித்தான்' என்று சொல்வதை நாம் நிறுத்த வேண்டும். அந்தச் சொல் பிள்ளைகளின் காதில் விழுகிறது. தன் தகப்பன் பிறவியிலேயே அப்படி என்று நம்பும் பிள்ளை, தானும் அப்படித்தான் ஆவேன் என்றும் நம்பும்.

சென்ற வருடம் பத்தாம் ஆண்டு வகுப்பில் வரலாற்றுப் பாடத்தின்போது சாராயக் குத்தகை முறையைக் கரும்பலகையில் வரைந்து காட்டினேன். ஏலம், குத்தகைக்காரர், தவறணை, கூலி என அம்புக்குறிகள் போட்டு விளக்கினேன். பாடத்திட்டத்தில் அது அவ்வளவு விபரமாக இல்லை. பின்வரிசையில் இருந்த மாணவியொருத்தி எழுந்து, "அப்பிடின்னா சேர், தவறண வந்தப்புறந்தான் எங்காளுங்க குடிக்கப் பழகுனாங்களா?" என்று கேட்டாள்.

ஊரில் குடி இல்லாமலிருக்கவில்லை என்று சொன்னேன். ஆனால் குடிப்பதற்கென்றே ஒரு வழி போட்டு, அந்த வழியில் உங்கள் ஆட்களை நூற்றைம்பது வருடமாக நடக்க வைத்தார்கள் என்றும் சொன்னேன். அவள் அதைக் கொப்பியில் எழுதிக்கொண்டாள்.